கியூபிச வரலாற்று நூல்களில் ககனேந்திரநாத் தாகூர்: ‘தாக்கம்’ என்னும் அளவுகோல் குறித்த மறுபார்வை

ஆய்வுச் சுருக்கம்

கியூபிசம் பற்றிய தொடக்க கால நூல்கள் அவ்வியக்கத்தின் எல்லையை வகுத்த முறையையும், அவ்வெல்லைக்குள் இந்திய ஓவியர் ககனேந்திரநாத் தாகூர் மதிப்பிடப்பட்ட விதத்தையும் இக்கட்டுரை ஆராய்கிறது. ‘தாக்கம்’ என்ற கருத்து ஐரோப்பியக் கலைஞருக்கு ஒரு விதமாகவும் ஆசியக் கலைஞருக்கு வேறு விதமாகவும் பயன்படுத்தப்பட்டுள்ளது என்பது இதன் கருதுகோள்.

திறவுச்சொற்கள்: கியூபிசம், ககனேந்திரநாத் தாகூர், ஸ்டெல்லா கிராம்ரிஷ், டபிள்யூ. ஜி. ஆர்ச்சர், கலை வரலாற்றெழுதியல்.

முன்னுரை

ஒரு பொருளை ஒரே நிலையில் நின்று நோக்காமல், பல கோணங்களில் கண்டவற்றை ஒரே தளத்தில் இணைத்துக் காட்டும் ஓவிய முறை கியூபிசம் எனப்படும். 1907இல் பிக்காசோ தீட்டிய ‘அவிஞ்ஞோன் நங்கையர்’ இதன் முன்னோடியாகக் கருதப்படுகிறது. 1908இல் பிராக்கின் நிலக்காட்சிகளைக் கண்ட விமர்சகர் லூயி வோசெல், அவற்றில் எல்லாம் கனசதுரங்களாகச் சுருக்கப்பட்டுள்ளன என்று எள்ளினார். அந்த எள்ளலே பின்னர் இயக்கத்தின் பெயராயிற்று. பெயரைத் தந்தவர் விமர்சகர் எனினும், இயக்கத்தின் வரலாற்றை வடிவமைத்தவை நூல்களே ஆகும்.

நூல்கள் வகுத்த எல்லை

கியூபிசம் பற்றிய முதல் நூலை 1912இல் கிளேஸ், மெட்சாஞ்சே என்னும் இரு ஓவியர்கள் எழுதினர். மறு ஆண்டே அதன் ஆங்கில மொழிபெயர்ப்பு இலண்டனில் வெளிவந்தது. 1913இல் கவிஞர் அப்போலினேரின் ‘கியூபிச ஓவியர்கள்’ வெளியாயிற்று. 1920இல் பிக்காசோவின் ஓவிய விற்பனையாளரான கான்வைலர் எழுதிய ‘கியூபிசத்தை நோக்கிய பாதை’ மியூனிக்கில் வெளிவந்தது. கான்வைலர் பிக்காசோவையும் பிராக்கையும் மையப்படுத்தி, முதல் நூலை எழுதிய இருவரையும் ஒதுக்கினார். ஆகவே, யார் உண்மையான கியூபிசர் என்ற வழக்கு பாரிசு நகருக்குள்ளேயே தொடங்கிவிட்டது எனலாம்.

1936இல் நியூயார்க் நவீனக் கலை அருங்காட்சியகத்தின் இயக்குநர் ஆல்ஃபிரட் பார் ‘கியூபிசமும் அருவக் கலையும்’ என்னும் நூலை வெளியிட்டார். அதன் மேலட்டையில் இடம்பெற்ற வரைபடம், நவீனக் கலையின் வளர்ச்சியை அம்புக்குறிகளால் விளக்கியது. அதில் ஜப்பானிய அச்சோவியங்கள், ஆப்பிரிக்கச் சிற்பங்கள், அண்மைக் கிழக்குக் கலை ஆகியன ஊற்றுகளாகக் காட்டப்பட்டுள்ளன. ஆனால் அவ்வம்புகள் எவையும் ஆசியாவை நோக்கித் திரும்பவில்லை. ஐரோப்பாவுக்கு வெளியே உள்ள கலை மூலப்பொருளாக மட்டுமே அவ்வரைபடத்தில் நுழைகிறது.

1922: கல்கத்தாவின் பதிவு

பார் நூல் எழுதுவதற்குப் பதினான்கு ஆண்டுகளுக்கு முன்பே இதற்கு மாற்றான ஒரு பதிவு இந்தியாவில் உருவாகியிருந்தது. அவனீந்திரநாத் தாகூரின் தமையனான ககனேந்திரநாத் (1867–1938) 1920களின் தொடக்கத்தில் கியூபிச முறையில் நீர்வண்ண ஓவியங்களைத் தீட்டலானார். 1922 டிசம்பரில் இந்தியக் கீழைக்கலைக் கழகம் கல்கத்தாவில் நடத்திய கண்காட்சியில் கிளே, காண்டின்ஸ்கி, ஃபைனிங்கர் முதலிய பௌஹவுஸ் கலைஞர்களின் படைப்புகளோடு அவருடைய ஓவியங்களும் இடம்பெற்றன. வியன்னாவில் பயின்று சாந்திநிகேதனில் கற்பித்த கலை வரலாற்றாளர் ஸ்டெல்லா கிராம்ரிஷ், அவ்வாண்டே ‘ரூபம்’ இதழில் ‘ஓர் இந்தியக் கியூபிசர்’ என்னும் கட்டுரையை எழுதினார். ஐரோப்பியக் கியூபிசத்தின் அசைவற்ற வடிவ ஒழுங்கை ககனேந்திரநாத் உணர்வை வெளிப்படுத்தும் கருவியாக மாற்றினார் என்பது அவர் கண்ட முடிவு.

இம்முடிவு ஓவியங்களாலும் வலுப்பெறுகிறது. 1909–1912 காலப் பிக்காசோவும் பிராக்கும் பழுப்பு, சாம்பல் நிறங்களுக்குள் தம்மைச் சுருக்கிக்கொண்டு, ஒளி ஒரு திசையிலிருந்து வருகிறது என்ற மரபைக் கைவிட்டனர். இசைக்கருவி, கோப்பை, மனித உருவம் ஆகியவற்றின் திண்மையே அவர்களின் சிக்கல். ககனேந்திரநாத்துக்கோ ஒளியே பாடுபொருள். படிக்கட்டுகளும் வாயில்களும் நிறைந்த உள்ளறைகள், துவாரகை போன்ற புராண நகரங்கள் ஆகியவை அவர் ஓவியங்களில் பட்டகத்தின் வழிக் காணப்படுவன போலச் சிதறி ஒளிர்கின்றன. வடிவக் கருவி ஒன்றாயினும் எழுப்பிய வினா வேறு.

ஆர்ச்சரின் தீர்ப்பும் மித்தரின் மறுப்பும்

1959இல் டபிள்யூ. ஜி. ஆர்ச்சர் எழுதிய ‘இந்தியாவும் நவீனக் கலையும்’ இவ்வேறுபாட்டைக் கருதவில்லை. ககனேந்திரநாத்தின் கியூபிசம் வலுவற்ற போலி என்றும், இந்தியத் தன்மை அற்றது என்றும் அந்நூல் ஒதுக்கியது. மேலைக் கலையோடு ஒத்திருந்தால் போலி, வேறுபட்டால் தோல்வி. இவ்வளவுகோலில் தேர்ச்சி பெற எந்த ஆசியக் கலைஞருக்கும் வழியில்லை. அதே நூல் இலங்கை ஓவியர் ஜார்ஜ் கீட்டைத் தனி இயலில் பாராட்டுவதும் நோக்கத்தக்கது. 1943இல் கொழும்பில் தோன்றிய ‘43 குழு’வைச் சேர்ந்த கீட்டும் கியூபிசத்தை உள்வாங்கியவரே. ஆகவே கியூபிசத்தை ஏற்றமை மட்டுமே ஆர்ச்சருக்குக் குறையாகத் தோன்றவில்லை. ‘இந்தியத் தன்மை’ எது என்பதை அவரே முடிவு செய்ததுதான் சிக்கல்.

2007இல் பார்த்தா மித்தர் ‘நவீனத்துவத்தின் வெற்றி’ என்னும் நூலில் இத்தீர்ப்பை மறுத்தார். ஆப்பிரிக்க முகமூடிகளிடம் கடன்பெற்றமை பிக்காசோவின் தனித்தன்மையைக் குறைப்பதாக எவரும் கருதுவதில்லை. இந்திய ஓவியர் கடன்பெற்றால் மட்டும் அது சார்புநிலை ஆகிறது. இதனைக் கலைத் தரம் பற்றிய மதிப்பீடாக மட்டுமன்றி, காலனிய அதிகார உறவின் வெளிப்பாடாகவும் மித்தர் காண்கிறார்.

தமிழகக் கலை வரலாற்றுக்கு இதன் பயன்

இவ்விவாதம் தமிழகத்திற்கும் உரியது. 1944இல் முற்போக்கு ஓவியர் சங்கத்தையும் 1966இல் சோழமண்டலம் கலைஞர் கிராமத்தையும் நிறுவிய கே. சி. எஸ். பணிக்கர், 1963 முதல் ‘சொற்களும் குறியீடுகளும்’ வரிசையில் எழுத்து, கணிதக் குறி, சாதகக் கட்டம் ஆகியவற்றை ஓவிய மொழியாக்கினார். அவரை மேலை நவீனத்துவத்தின் பின்தொடர்ச்சியாக மட்டும் எழுதினால் ஆர்ச்சரின் பிழையே மீளும். விழுப்புரம் மாவட்டத்தில் உள்ள பனமலையில், இராசசிம்மப் பல்லவன் காலக் கோயிலின் சுவரில் எஞ்சியுள்ள தேவி ஓவியம் அசந்தாவோடு ஒப்பிடப்படுவதுண்டு. அவ்வொப்பீடு பல்லவ ஓவியரின் தனித்தன்மையை மறுக்கப் பயன்படுத்தப்படுவதில்லை. பழங்கலைக்கு அளிக்கப்படும் இந்நேர்மை நவீனக் கலைக்கும் அளிக்கப்பட வேண்டும்.

முடிவுரை

ககனேந்திரநாத்தின் அனைத்து ஓவியங்களும் சிறந்தவை என்பது இதன் பொருளன்று. எதைக் கடன்பெற்றார் என்பதோடு நில்லாமல், அக்கடனைக் கொண்டு எந்த வினாவுக்கு விடை தேடினார் என்பதையும் ஆராய்ந்த பின்னரே அவரை மதிப்பிட இயலும். அவர் ஓவியம் தீட்டிய ஆண்டுகளிலேயே கிராம்ரிஷ் தொடங்கிவைத்த இம்முறை, பிற்கால நூல்களின் தீர்ப்புகளைக் காட்டிலும் தமிழ் ஆய்வாளர்களுக்குப் பயன் தருவதாகும்.