இரண்டு பக்கமும் வரி கேட்டால்... தனி நாடு!

வீட்டுக் கடன் கேட்டு யார் வந்தாலும் எங்கள் கிளையில் முதலில் கேட்பது மூலப்பத்திரம். அதில் நான்கெல்லை சரியாக இல்லையென்றால் கடன் கிடையாது. ஒரு நாட்டின் மூலப்பத்திரத்திலேயே எல்லை குழப்பமாக இருந்தால்? அமெரிக்காவில் அப்படி நடந்திருக்கிறது.

1783 பாரிஸ் உடன்படிக்கையில் அமெரிக்காவுக்கும் பிரிட்டிஷ் கனடாவுக்கும் எல்லை பிரித்தார்கள். ஓரிடத்தில் கனெக்டிகட் ஆற்றின் 'வடமேற்குக் கோடித் தலைப்பு' வரை என்று எழுதிவிட்டார்கள். காட்டுக்குள் போய்ப் பார்த்தால், அந்த ஆற்றில் வந்து சேரும் ஓடைகள் பல! அமெரிக்கா ஒன்றைக் காட்டியது, பிரிட்டன் வேறொன்றைக் காட்டியது. நடுவில் மாட்டிக்கொண்ட காட்டுப்பகுதிதான் இந்தியன் ஸ்ட்ரீம். குடியிருந்தவர்கள் சுமார் 300 பேர்.

அவர்களில் பலர் நிலத்துக்கு நம்பியிருந்தது, 1796-ல் ஃபிலிப் என்ற பழங்குடித் தலைவர் எழுதிக் கொடுத்த பத்திரத்தை. பக்கத்து மாநிலமான நியூ ஹாம்ப்ஷயர் அது செல்லாது என்றது. பட்டா கொடுக்க ஆளில்லை. ஆனால் வரி கேட்கவும், கடன் வசூலிக்கவும் இரண்டு பக்கத்திலிருந்தும் ஆள் வந்தார்கள்!

நடுவராக இருந்த நெதர்லாந்து மன்னர் 1831-ல் தீர்ப்புச் சொன்னார். அமெரிக்க செனட் 1832-ல் அதை ஏற்க மறுத்தது. அதே ஆண்டு ஜூலை 9 அன்று இந்த விவசாயிகள் தாங்களே ஒரு அரசியல் சட்டம் எழுதிக்கொண்டார்கள். ஐந்து பேர் கொண்ட கவுன்சில், ஒரு சட்டசபை, நீதிமன்றம், சுமார் 40 பேர் கொண்ட படை. சிறைச்சாலை கிடையாது, பெரிய இரும்புக் கொப்பரையைக் கவிழ்த்து அதற்குள் கைதியை அடைத்தார்கள் என்று ஒரு கதை உண்டு.

1835-ல் கனடா தரப்பு ஒருவரைக் கைது செய்ய, இவர்கள் கூட்டமாகப் போய் மீட்டார்கள். அதோடு நிற்காமல் எல்லை தாண்டி, அங்கிருந்த மாஜிஸ்திரேட்டையே பிடித்து வந்துவிட்டார்கள். விஷயம் பெரிதானது. நவம்பரில் நியூ ஹாம்ப்ஷயர் படை வந்து இறங்கியது. குடியரசு முடிந்தது. 1840-ல் அந்த இடம் பிட்ஸ்பர்க் என்ற ஊரானது (பென்சில்வேனியா பிட்ஸ்பர்க் வேறு). 1842-ல்தான் வெப்ஸ்டர்-ஆஷ்பர்ட்டன் உடன்படிக்கை எல்லையை முடிவு செய்தது. 59 வருடம்!

இவர்களைக் கலகக்காரர்கள் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. நாங்கள் எந்த அரசைச் சேர்ந்தவர்கள் என்று தெரியும் வரை மட்டுமே இந்த ஏற்பாடு என்று அவர்கள் சட்டத்திலேயே எழுதியிருந்தார்கள். அவர்கள் கேட்டது தனி நாடு அல்ல, ஒரு தெளிவான பதில்.

அடுத்த முறை ஊருக்குப் போய் மனை வாங்கினால், நான்கெல்லையை நிதானமாக ஒருமுறை படித்துவிட்டுக் கையெழுத்துப் போடுங்கள்.