வினா மேடையும் திரைக்கதையும்

பரிசுப் போட்டி நடத்துவதை வியாபாரம் என்றும் திரைக்கதை எழுதுவதைக் கலை என்றும் இரு கூறாக்கி, முன்னதில் உழன்றவர் பின்னதில் சிறப்பது அரிது என்று தீர்ப்பளிக்கும் மனோபாவம் நம்மவரிடம் மட்டுமன்றி ஆங்கிலேயரிடமும் உண்டு. அந்த அபிப்பிராயம் எவ்வளவு அவசரமானது என்பதற்கு ஸ்டீவன் நைட் என்பவரின் சரித்திரமே தக்க சான்று.

1959-ல் பிறந்து பர்மிங்ஹாம் நகரில் வளர்ந்த நைட், லண்டனில் ஆங்கில இலக்கியம் பயின்று, கேப்பிடல் வானொலியில் எழுத்தாளராகவும் தயாரிப்பாளராகவும் பணியாற்றினார். பிறகு மைக் வைட்ஹில் என்பவரோடு சேர்ந்து, ஜாஸ்பர் காரட் என்ற ஹாஸ்ய நடிகருக்காகத் தொலைக்காட்சியில் எழுதினார். அதே வானொலியில் கிறிஸ் டாரன்ட் நடத்திவந்த காலை நிகழ்ச்சிக்காக டேவிட் பிரிக்ஸ் அமைத்த தொலைபேசிப் போட்டிகளிலிருந்துதான் நைட், வைட்ஹில், பிரிக்ஸ் மூவரும் சேர்ந்து உருவாக்கிய பெரும் போட்டி முளைத்தது. பரிசுத் தொகைக்கு அந்நாட்டு ஒளிபரப்பு நிர்வாகம் நெடுங்காலம் விதித்திருந்த உச்சவரம்பு விலகிய பின்னரே அத்தகைய கற்பனைக்கு இடம் கிடைத்தது. செலடார் நிறுவனம் தயாரித்த ‘ஹூ வான்ட்ஸ் டு பி எ மில்லியனேர்’ 1998 செப்டம்பர் 4 அன்று ஐ.டி.வி.யில் முதன்முதலாக ஒளிபரப்பாயிற்று.

நூறு பவுனில் தொடங்கிப் பத்து லட்சம் பவுன் வரை ஏறும் பதினைந்து வினாக்களும், தடுமாறும் வேளையில் கைகொடுக்கும் மூன்று உதவிகளும் அதன் புறத்தோற்றம். அதன் ஜீவனோ வேறிடத்தில் இருந்தது. வினாவை முழுதும் படித்தறிந்த பிறகும், விடை சொல்லாமலே இதுவரை ஈட்டியதை எடுத்துக்கொண்டு எழுந்து செல்லும் உரிமை போட்டியாளருக்கு இருந்தபடியால், ஞானத்தைச் சோதிப்பதாகத் தொடங்கிய ஆட்டம், ஆசைக்கும் அச்சத்துக்கும் நடுவே ஒரு சாதாரண மனிதன் எடுக்கும் நிர்ணயத்தைக் கோடிக்கணக்கானோர் மூச்சடக்கிக் காணும் நாடகமாயிற்று. 2000 ஜூலையில் அமிதாப் பச்சன் ஹிந்தியில் நடத்தத் தொடங்கியதும், தமிழில் சரத்குமார் ‘கோடீஸ்வரன்’ என்றும், 2012-ல் சூர்யா ‘நீங்களும் வெல்லலாம் ஒரு கோடி’ என்றும் நடத்தியதும் அந்த நாடகத்தின் வழிவந்த வடிவங்களே.

இந்தப் புகழின் உச்சியில், 2002-ல், நைட் எழுதிய ‘டர்ட்டி பிரிட்டி திங்ஸ்’ திரைப்படம் ஸ்டீபன் ஃபிரியர்ஸ் இயக்கத்தில் வெளிவந்தது. அதைத் தயாரித்ததும் செலடாரின் திரைப்படக் கிளையே. தாய்நாட்டில் வைத்தியராயிருந்து, லண்டனில் பகலில் வாடகைக் கார் ஓட்டி, இரவில் விடுதியில் ஊழியம் செய்யும் நைஜீரியர் ஒருவர், அவ்விடுதியில் மனிதரின் சிறுநீரகங்கள் விலைபோவதைக் கண்டறிகிறார். சத்திர சிகிச்சை செய்ய உடன்பட்டால் கடவுச்சீட்டும் பணமும் கிடைக்கும் என்று விடுதி மேலாளர் ஆசை காட்ட, இணங்குவதா விலகுவதா என்ற கேள்வி அவரைக் காட்சிக்குக் காட்சி நெருக்குகிறது. அசல் திரைக்கதைக்கான ஆஸ்கர் பரிந்துரையை அப்படைப்பு நைட்டுக்குத் தேடித் தந்தது. பின்னர் 2007-ல் டேவிட் கிரோனன்பர்க்குக்காக ‘ஈஸ்டர்ன் பிராமிசஸ்’ எழுதினார்.

2013-ல் அவரே எழுதி இயக்கிய ‘லாக்’ திரைப்படம், வினா மேடைக்கும் திரைக்கதைக்கும் உள்ள உறவை இன்னும் தெளிவாக்குகிறது. கட்டட மேற்பார்வையாளர் ஒருவர், பெரியதொரு கான்கிரீட் வேலைக்கு முந்தைய இரவில், தம் குழந்தையைப் பிரசவிக்கவிருக்கும் பெண்ணைக் காணக் காரில் லண்டன் நோக்கிச் செல்கிறார்; மனைவி, மேலதிகாரி, உதவியாளர் என்று ஒவ்வொருவரோடும் தொலைபேசியில் நடக்கும் சம்பாஷணையே கதை முழுதும். ஓர் ஆசனம், ஒரு மனிதன், தொலைபேசி, ஒவ்வொரு சொல்லிலும் கூடிக்கொண்டே போகும் இழப்பு என்னும் இவையனைத்தும் வினா மேடையில் அவர் முன்பே கையாண்டு தேர்ந்த சாதனங்களன்றி வேறென்ன? அதே ஆண்டில், பர்மிங்ஹாமின் பழைய சூதாட்டக்காரர்களைப் பற்றித் தந்தை சொன்ன கதைகளை மூலமாகக் கொண்டு ‘பீக்கி பிளைண்டர்ஸ்’ தொடரையும் அவர் தொடங்கினார்.

ஆகவே நைட் ஒரு தொழிலைக் கைவிட்டு மற்றொன்றுக்குத் தாவினார் என்பதைவிட, ஒரே வித்தையை அகன்ற களத்துக்குக் கொண்டுசென்றார் என்பதே பொருந்தும். மனிதனை ஒரு முடிவின் முன் நிறுத்தி, அதன் விலையை அவனுக்கும் நமக்கும் உணர்த்துவதே அந்த வித்தை. நம் தொலைக்காட்சி நிலையங்களில் பெயர் தெரியாமல் வினாக்களையும் பந்தயங்களையும் வகுத்துக்கொண்டிருக்கும் இளைஞர்களிடமும் அது நிச்சயம் இருக்கும். கதை சொல்வோரைத் தேடும் தயாரிப்பாளர்கள் அவர்களையும் அழைத்துக் கேட்க வேண்டும்.