மருத்துவக் கருக்கலைப்புச் சட்டம், 1971

இந்தியாவில் கருக்கலைப்பை நெறிப்படுத்தும் சட்டம். சாந்திலால் ஷா குழுவின் பரிந்துரையை ஒட்டி இயற்றப்பட்டு, 1972 ஏப்ரல் 1 முதல் நடைமுறைக்கு வந்தது. 2021ஆம் ஆண்டுத் திருத்தத்தின்படி 20 வாரம் வரை ஒரு மருத்துவரின் கருத்து போதும். 20 முதல் 24 வாரம் வரை, குறிப்பிட்ட பிரிவுப் பெண்களுக்கு இருவர் கருத்து தேவை. சிசுவுக்குக் கடுமையான குறைபாடு இருப்பதாக மருத்துவக் குழு கண்டறிந்தால் கால வரம்பு இல்லை.

ஒப்புதல் படிவத்தில் 18 வயது நிறைந்த பெண்ணின் கையெழுத்தே போதுமானது; கணவரின் கையெழுத்தைச் சட்டம் கேட்பதில்லை. எனினும் நடைமுறையில் அதைக் கேட்கும் மருத்துவமனைகள் உண்டு.

குழந்தை பெறுவதா வேண்டாமா எனத் தேர்ந்தெடுக்கும் உரிமை அரசியலமைப்பின் 21ஆம் பிரிவு தரும் தனிமனித சுதந்திரத்தில் அடங்கும் என 2009இல் உச்ச நீதிமன்றம் கூறியது. 24 வார வரம்பு மணமாகாத பெண்களுக்கும் பொருந்தும் என 2022இல் தீர்ப்பளித்தது. ஆயினும் இச்சட்டம் கருக்கலைப்பைப் பெண்ணின் உரிமையாக அறிவிக்கவில்லை. குற்றவியல் சட்டத்துக்கு விதிவிலக்காகவே அனுமதிக்கிறது. இறுதி முடிவு பெண்ணுடையதா, மருத்துவருடையதா என்ற அறவியல் விவாதம் இங்குதான் தொடங்குகிறது.