தேவனூர் நாட்டு மகளுக்குப் பங்கு உண்டா?

முன்னுரை

நாமக்கல் மாவட்டத்தில் உள்ள கொல்லிமலை, கடையெழு வள்ளல்களில் ஒருவரான வல்வில் ஓரி ஆண்ட மலை. இங்குள்ள ஊராட்சிகள் இன்றும் ‘நாடு’ என்றே அழைக்கப்படுகின்றன. மொத்தம் 14 நாடுகள். அவற்றுள் ஒன்று தேவனூர் நாடு. இம்மலையில் பெரும்பான்மையாக வாழ்பவர்கள் மலையாளிப் பழங்குடியினர். பெயர் அப்படி இருந்தாலும் இவர்கள் பேசுவது தமிழ். காஞ்சிபுரத்திலிருந்து வந்த பெரியண்ணன், நடுவண்ணன், சின்னண்ணன் என்ற மூன்று சகோதரர்கள் வெவ்வேறு மலைகளில் குடியேறினார்கள் என்பது இவர்களின் மரபுக்கதை. அந்தக் கதையிலேயே மலைகள் அண்ணன் தம்பிகளுக்குள்தான் பிரிகின்றன. மகளுக்கு என்ன பங்கு என்ற கேள்வி நீதிமன்றங்களுக்குப் பிற்காலத்தில்தான் வந்தது.

பழைய நடைமுறை

சாமையும் தினையும் விளைந்த காலத்தில் பாகப்பிரிவினை பெரும்பாலும் வாய்மொழியாகவே நடந்தது. தகராறு வந்தால் ஊர்க்கவுண்டரும் பட்டக்காரரும் பேசித் தீர்ப்பார்கள். நிலம் ஆண் மக்கள் வழியே இறங்கியது. பிறகு மரவள்ளி, காபி, மிளகு என்று பணப்பயிர்கள் வந்தன. சாலையும் வந்தது. நிலத்துக்கு விலை ஏறியது. வாய்ப்பேச்சுக்கு மதிப்பு இறங்கியது.

1956 சட்டம் விட்ட இடைவெளி

1956-ம் ஆண்டின் இந்து வாரிசுரிமைச் சட்டம், தந்தையின் தனிச்சொத்தில் மகளுக்கும் மகனுக்கு இணையான பங்கைத் தந்தது. தமிழ்நாடு 25.3.1989 முதல், அன்றுவரை திருமணமாகாத மகள்களுக்குக் கூட்டுக்குடும்பச் சொத்திலும் உரிமை வழங்கியது. 9.9.2005 முதல் நடைமுறைக்கு வந்த மத்தியத் திருத்தம் அந்த உரிமையை எல்லா மகள்களுக்கும் விரித்தது.

ஆனால் அச்சட்டத்தின் 2(2)-வது பிரிவு, மத்திய அரசு அறிவிக்கை வெளியிட்டாலன்றிப் பட்டியல் பழங்குடியினருக்கு இச்சட்டம் பொருந்தாது என்கிறது. பழங்குடிகளின் வழக்காற்றைக் காப்பதே இதன் நோக்கம். ஆனால் விளைவு வேறு. மலையடிவாரத்தில் உள்ள மகளுக்குக் கிடைத்த உரிமை, மலைமேல் உள்ள மகளுக்கு நேராகக் கிடைக்கவில்லை.

விற்பனையில் வரும் சிக்கல்

சென்னை மாகாணத்தில் வளர்ந்த இந்துச் சட்ட மரபின்படி, ஒரு பங்காளி தன் பிரிக்கப்படாத பங்கை விலைக்கு விற்கலாம். ஆனால் வாங்கியவர் ‘இந்த மூலைதான் எனக்கு’ என்று வேலி போட முடியாது. பாகப்பிரிவினை வழக்குப் போட்டுத்தான் தன் பங்கைப் பிரித்துக்கொள்ள வேண்டும். கூட்டுப்பட்டாவில் பெயர் இல்லாததால் மட்டும் ஒருவரின் உரிமை போய்விடாது. எனவே சகோதரர்கள் சேர்ந்து முழு நிலத்தையும் விற்றுவிட்டாலும், சகோதரிக்குப் பங்கு உண்டு என்று தீர்ப்பானால் அந்தப் பங்கை அவ்விற்பனை கட்டுப்படுத்தாது. அவருக்குப் பங்கு உண்டா என்பது நிலம் வாங்கியவரையும் பாதிக்கும் கேள்வி.

நீதிமன்றங்கள் சொன்னவை

2000-ல் ஒரு சந்தால் குடும்ப வழக்கில், இந்து வழக்கங்களையே பின்பற்றி வந்த குடும்பத்துக்கு 1956 சட்டம் பொருந்தும் என்றது உச்ச நீதிமன்றம். 2022 டிசம்பரில் கமலா நேத்தி வழக்கில் பழங்குடி மகளுக்கு அச்சட்டத்தின்படி பங்கு தர மறுத்தது. ஆனாலும் சட்டத்தைத் திருத்துவது பற்றி ஆராயும்படி மத்திய அரசிடம் கூறியது. 2023-ல் சென்னை உயர் நீதிமன்றம், தமிழகப் பழங்குடிப் பெண்களுக்கும் குடும்பச் சொத்தில் சம பங்கு உண்டு என்று தீர்ப்பளித்தது.

17.7.2025 அன்று, சத்தீஸ்கரின் கோண்டு குடும்பம் ஒன்றின் வழக்கில் உச்ச நீதிமன்றம் இன்னொரு வழியைக் காட்டியது. 1956 சட்டம் பொருந்தாது என்பதை ஏற்றுக்கொண்டது. ஆனால் பெண்ணுக்குப் பங்கு இல்லை என்ற வழக்காறு நிரூபிக்கப்படாதபோது, சமத்துவத்தின் அடிப்படையில் பங்கு கொடுக்க வேண்டும் என்றது. அதாவது, வழக்காற்றை நிரூபிக்கும் சுமையைப் பெண்ணின் தலையிலிருந்து இறக்கி வைத்தது. அதே ஆண்டு அக்டோபரில் இமாச்சலப் பிரதேச வழக்கொன்றில், பழங்குடி மகள்களுக்கு அச்சட்டத்தையே பொருத்திய உயர் நீதிமன்ற உத்தரவை நீக்கியது.

முடிவுரை

ஆக, தேவனூர் நாட்டு மகளுக்குக் கதவு முழுதாக மூடப்படவில்லை. முழுதாகத் திறக்கவும் இல்லை. ஒவ்வொரு பெண்ணும் தனித்தனியே வழக்காட வேண்டியிருக்கிறது. அதற்குள் நிலம் இரண்டு கை மாறிவிடலாம். மத்திய அரசின் ஓர் அறிவிக்கை செய்யக்கூடிய வேலையை, வக்கீல் கட்டணம் கொடுத்து அண்ணன் மீது தங்கை வழக்குப் போட்டுச் செய்ய வேண்டியிருப்பதுதான் இதில் உள்ள பெரிய குறை.