இரு மொழிக்கு ஒரு மெட்டு: சாலூரி ராஜேஸ்வர ராவ்

செகந்திராபாத்துக்கு வடக்கே லோத்குண்டாவில், ஒரு சுவருக்கு இப்பால் தமிழ்க் குடும்பமும் அப்பால் தெலுங்குக் குடும்பமும் வாழ்வது புதுமையன்று. வானொலியில் ‘பிருந்தாவனமும் நந்தகுமாரனும்’ என்ற பாடல் எழுந்தால், அது எங்கள் ‘மிஸ்ஸியம்மா’ப் பாட்டு என்பார் இப்பாலார், எங்கள் ‘மிஸ்ஸம்மா’ப் பாட்டு என்பார் அப்பாலார். இருவரும் கூறுவது உண்மையே. ஆனால் மெட்டமைத்தவர் பெயரைக் கேட்டால் நம்மவரிற் பலர் தயங்குவர்.

அவர் சாலூரி ராஜேஸ்வர ராவ். அன்றைய சென்னை மாகாணத்தின் வடபகுதியில், சாலூரை அடுத்த சிவராமபுரத்தில் 1922-இல் பிறந்தார். 1935-இல் ‘ஸ்ரீகிருஷ்ண லீலலு’ என்னும் தெலுங்குப் படத்தில் பாலகிருஷ்ணனாக நடித்துப் பாடினார். பின்னர்க் கல்கத்தா சென்று வங்க இசையும் இந்துஸ்தானி இசையும் பழகினார். அப்பயிற்சியின் சாயல் இறுதிவரை அவரை விட்டு அகலவில்லை.

தமிழர் அவரை முதலில் அறிந்தது ஜெமினி ஸ்டூடியோவின் வாயிலாகத்தான். எஸ். எஸ். வாசனின் ‘சந்திரலேகா’ (1948) பாடல்களுக்கு இசையமைத்தவர் இவரே. பின்னணி இசையில் எம். டி. பார்த்தசாரதியின் பங்கு பெரிது. கர்நாடகமும் இந்துஸ்தானியும் மேனாட்டு நடன இசையும் ஒரே படத்தில் அடுத்தடுத்து வருகின்றன. இத்தகைய கலவை எளிதில் கதம்பமாகிவிடும். அங்ஙனம் ஆகாமைக்குக் காரணம், ராகத்தின் உருவத்தைச் சிதைக்காமலே அதன் இறுக்கத்தைத் தளர்த்தும் அவருடைய கைத்திறன் என்பது என் கருத்து. 1955-இல் வெளிவந்த ‘மிஸ்ஸியம்மா’வில் அதனைத் தெளிவாகக் காணலாம். முற்கூறிய பாடல் சுத்த சாவேரியில் அமைந்தது. ஆயினும் கச்சேரி மேடையின் கனமின்றி, ஏ. எம். ராஜாவும் பி. சுசீலாவும் உரையாடுவதுபோல் ஒலிக்கிறது. 1957-இல் இந்தியில் ‘மிஸ் மேரி’ எடுத்தபோது ஹேமந்த் குமார் இம்மெட்டை அப்படியே வைத்துக்கொண்டார்.

‘மாயாபஜார்’ (1957) படத்தின் கதை வேறு. நான்கு பாடல்களுக்கு மெட்டமைத்தபின் ராஜேஸ்வர ராவ் படத்திலிருந்து விலகினார். எஞ்சியவற்றை அமைத்து, அந்நான்கிற்கும் வாத்திய இசை கூட்டி ஒலிப்பதிவு செய்தவர் கண்டசாலா. படத்தின் முகப்பில் கண்டசாலாவின் பெயர் மட்டுமே வந்தது. மோகன ராகத்தில் ஓடம் மிதக்கும் அந்த நிலவுப் பாட்டை, தமிழில் ‘ஆஹா இன்ப நிலாவினிலே’ என்று நாம் கேட்கும் பாட்டை, இன்றும் கண்டசாலாவின் மெட்டு என்றே நம்மவர் சொல்கின்றனர். கண்டசாலாவின் புகழைக் குறைப்பது நம் நோக்கமன்று. அவர் குரலும் உழைப்பும் இன்றேல் அப்பாடல் இத்தகைய உருப்பெற்றிராது. எனினும் அதன் விதை இன்னொருவருடையது.

தெலுங்கு மக்கள் அதனை மறக்கவில்லை. ‘மல்லீஸ்வரி’யும் (1951) ‘விப்ரநாராயணா’வும் (1954) அவர்கள் இல்லங்களில் இன்னும் ஒலிக்கின்றன. 1992-இல் ஆந்திர அரசின் ரகுபதி வெங்கையா விருது அவரை அடைந்தது, 1999-இல் மறைந்தார். அடுத்த முறை சுவருக்கு அப்பாலிருந்து அந்த ஓடப் பாட்டு தெலுங்கில் கேட்கும்போது, அண்டை வீட்டாரிடம் ராஜேஸ்வர ராவைப் பற்றிக் கேட்டுப் பாருங்கள். மற்ற மூன்று பாடல்கள் எவை என்பதையும் அவர்களே பாடிக் காட்டக்கூடும்.