கம்பத்தில் காயாத திராட்சை

பழ ஸ்கோன் என்ற சுட்ட பண்டத்துக்கு வேண்டியவை மைதா, வெண்ணெய், பால், சர்க்கரை, பேக்கிங் பவுடர், ஒரு கைப்பிடி உலர் திராட்சை. கம்பம் பள்ளத்தாக்கில் இதை வீட்டில் சுட முனைபவர், மற்றதெல்லாம் சரி, அந்தக் கைப்பிடி திராட்சையைக்கூடக் கடையில்தான் வாங்க வேண்டும். அது பெரும்பாலும் மகாராஷ்டிரத்தின் சாங்லி, நாசிக் வட்டாரங்களில் காய்ந்து வந்ததாக இருக்கும். சுருளிப்பட்டி, காமயகவுண்டன்பட்டி, கூடலூர் என்று ஊருக்கு ஊர் திராட்சைப் பந்தல் போட்ட நிலத்தில் இந்த நிலை ஏன்? இதற்கான விடையை அடுப்பங்கரையில் தேடுவதைவிட முல்லைப் பெரியாற்றுத் தண்ணீரில் தேடுவதே சரி என்று நினைக்கிறேன்.

நம் வீடுகளில் ஓவன் இருந்ததில்லை, சுடும் பழக்கம் இல்லாததால் உலர் திராட்சை தேவைப்படவில்லை என்பார்கள். ஸ்கோனின் வரலாறே இதை மறுக்கிறது. ஸ்காட்லாந்துக் கவிஞர் கேவின் டக்ளஸ் 1513இல் முடித்த ‘ஈனீட்’ மொழிபெயர்ப்பில் அதன் பெயர் வருகிறது. பழைய ஸ்கோன், மாவை வட்டமாகத் தட்டி இரும்புக் கல்லில் போட்டுச் சுட்ட பண்டம். 1843இல் பர்மிங்காமில் ஆல்ஃபிரட் பேர்ட் பேக்கிங் பவுடரை உருவாக்கிய பிறகே இன்று நாம் அறிந்த உப்பலான வடிவம் பரவியது. ஓவன் இல்லாவிட்டாலும் தோசைக்கல்லும் மூடியும் இதற்குப் போதும். அதோடு, சர்க்கரைப் பொங்கலிலும் பாயசத்திலும் கேசரியிலும் உலர் திராட்சை போடாத ஊரா இது? தேவை எப்போதும் இருந்தது.

இங்கே விளையும் பன்னீர் திராட்சையில் விதை இருப்பதுதான் தடை என்பது இன்னொரு வாதம். விதையில்லாத தாம்சன் வகை உலர்த்த வசதியானது, மறுக்கவில்லை. ஆனால் ஸ்பெயினின் மாலகாவில் விதையுள்ள மஸ்கட் திராட்சையைத்தான் தலைமுறை தலைமுறையாக வெயிலில் காய வைத்தார்கள். அந்த அலெக்சாண்டிரியா மஸ்கட், நம் பன்னீர் திராட்சையான மஸ்கட் ஹாம்பர்க்கின் பெற்றோரில் ஒன்று. மாலகாவுக்குக் கிடைத்து கம்பத்துக்குக் கிடைக்காதது, பழுத்த பிறகு வரும் நீண்ட வறட்சி. இங்கே ஆனி, ஆடியில் மேற்கிலிருந்து சாரல். ஐப்பசி, கார்த்திகையில் வடகிழக்குப் பருவமழை. இடையில் கோடை மழை. இவற்றுக்கு மேல் 1895இல் முல்லைப் பெரியாற்றில் பென்னிகுவிக் கட்டிய அணை கிழக்கே திருப்பிய தண்ணீர். ஆறும் கிணறும் வற்றாததால் கவாத்து வெட்டும் காலத்தை மாற்றி மாற்றி ஆண்டுக்கு இரண்டு, மூன்று அறுப்பு எடுக்கலாம். வருடம் முழுக்கப் பச்சைப் பழம் விற்க முடிகிறவர் அதைச் சேமித்து வைக்க ஏன் காய வைக்கப் போகிறார்?

1832இல் பிரெஞ்சுப் பாதிரியார் ஒருவர் பன்னீர் திராட்சைக் கொடியைக் கொண்டுவந்தார் என்ற வழக்கு இங்கே உண்டு. மஸ்கட் ஹாம்பர்க்கை இங்கிலாந்துத் தோட்டக்காரர் சீவர்ட் ஸ்நோ உருவாக்கியது 19ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியில். ஆகவே அந்தப் பாதிரியார் கொண்டுவந்தது வேறு வகையாக இருக்க வேண்டும், அல்லது ஆண்டு பிந்தியதாக இருக்க வேண்டும். எப்படியானாலும், கொடி வந்ததால் மட்டும் இந்தத் தொழில் எழுந்துவிடவில்லை. தண்ணீரே அதைத் தாங்கியது. 2023இல் கம்பம் பன்னீர் திராட்சைக்குப் புவிசார் குறியீடு கிடைத்ததும் பச்சைப் பழமாகப் பெற்ற பெயருக்காகத்தான்.

இப்போது உலர்த்தும் இயந்திரங்கள் வந்துவிட்டனவே, மழையைக் காரணம் காட்டலாமா என்று கேட்கலாம். ஈரத்தை இயந்திரம் போக்கிவிடும், கணக்கை மாற்றாது. ஏறக்குறைய நான்கு கிலோ பழம் சுருங்கி ஒரு கிலோ ஆகிறது. அந்த ஒரு கிலோவின் விலை, நான்கு கிலோ பச்சைப் பழத்தின் விலையையும் உலர்த்தும் செலவையும் சேர்த்துத் தாண்ட வேண்டும். நல்ல விலை கிடைக்கும் நாளில் அது நடக்காது. வரத்து பெருகி, கேரள வியாபாரிகள் விலையைக் குறைத்துக் கேட்கும் வாரங்களில் நடக்கலாம். இப்பழம் அதிக நாள் தாங்காததால் அந்த வாரங்களில் விவசாயி கேட்ட விலைக்கே கொடுத்துவிடுகிறார். உலர்த்தும் கூடம் கட்டுவதென்றால் அதை அந்த வாரங்களைக் கருதிக் கட்ட வேண்டும், பல ஊர் விவசாயிகள் சேர்ந்து நடத்தும் பொதுக்கூடமாக.