சாக்கடற் சுருள்கள் உலகின் உடைமையான வரலாறு

விவிலியத் தொல்லியலில் சாக்கடற் சுருள்களைப் போலப் பொதுமக்களின் ஆவலைத் தூண்டிய கண்டுபிடிப்பு வேறொன்றில்லை எனலாம். அவை குகையிலிருந்து வெளிவந்தது ஒரு வரலாறு. அறிஞர் சிலரின் கையிலிருந்து வெளிவந்தது மற்றொரு வரலாறு. பின்னதை அறிந்தோர் சிலரே.

1947ஆம் ஆண்டளவில், சாக்கடலின் வடமேற்குக் கரையிலுள்ள கும்ரான் அருகே பெதுவின் ஆட்டிடையர் ஒரு குகையினுள் மண்சாடிகளைக் கண்டனர். அவற்றுள் தோற்சுருள்கள் இருந்தன. முதலில் கிடைத்த ஏழனுள் மூன்றை எபிரேயப் பல்கலைக்கழகப் பேராசிரியர் சுகெனிக் வாங்கினார். ஏனைய நான்கையும் பெற்றிருந்த சிரியத் திருச்சபைப் பேராயர், 1954 சூன் முதல் நாள், 'வால் ஸ்திரீட் ஜர்னல்' என்னும் அமெரிக்க நாளிதழில் அவற்றை விற்க விளம்பரம் செய்தார். ஈராயிரம் ஆண்டுத் தொன்மையுடைய சுவடிகள் சில்லறை விளம்பரங்களுக்கிடையே விலை கூறப்பட்ட விந்தையை என்னென்பது! சுகெனிக்கின் மைந்தர் யாதினின் முயற்சியால் அவை 250,000 டாலருக்கு வாங்கப்பட்டன. அவற்றுள் ஒன்றான எசாயா சுருள், அதுவரை அறியப்பட்டிருந்த முழுமையான எபிரேயப் படிகளினும் ஏறத்தாழ ஆயிரம் ஆண்டு மூத்தது.

இடர்ப்பாடு 1952இல் கண்டறியப்பட்ட நான்காம் குகையோடு தொடங்கிற்று. அங்குக் கிடைத்தவை ஏறக்குறைய 15,000 துணுக்குகள். ஐந்நூற்றுக்கும் மேற்பட்ட சுவடிகளின் சிதைவுகள். தெ வோ என்னும் பிரெஞ்சுத் துறவியின் தலைமையில் ஒரு சிறு குழு அவற்றைக் கண்ணாடித் தகடுகளுக்கிடையே வைத்து இணைக்க முற்பட்டது. அவர்தம் உழைப்பைக் குறைத்து மதிப்பிடுதல் நன்றியன்று. எனினும், தமக்குப் பங்கிடப்பட்ட துணுக்குகளைப் பிறர் காண இசையாமல், தம் மாணவர்க்கே ஆய்வுப் பொருளாக அளித்தமை முறையாகாது. முப்பதாண்டு, நாற்பதாண்டு என அச்சேறாமலே கிடந்தன பல. சுவடியைக் காணாமலே முதுமையுற்ற அறிஞர் எத்துணையரோ! இந்நிலை பெரும் இழுக்காகி வருவதை 1977இலேயே கேசா வெர்மெசு என்னும் அறிஞர் சுட்டிக்காட்டினார். பொதுமக்கள் படித்துணரும் வண்ணம் 1975இல் விவிலியத் தொல்லியல் இதழொன்றைத் தொடங்கிய வழக்கறிஞர் எர்சல் சாங்சு, அவ்விதழ் வாயிலாக இடைவிடாது வாதாடினார்.

கதவைத் திறந்தது ஒரு சொல்லடைவு. குழுவினர் தம் தேவைக்காக 1950களில், ஒவ்வொரு சொல்லையும் அதன் அண்டைச் சொற்களோடும் இடக் குறிப்போடும் அட்டைகளில் எழுதி வைத்திருந்தனர். அதன் படிகள் சில 1988இல் ஆய்வாளர்க்கு மட்டும் அச்சாயின. சின்சினாட்டி நகரில், கண்பார்வை பெரிதும் குன்றிய பேராசிரியர் வக்கோல்டரும் அவர் மாணவர் அபெக்கும், அச்சொற்களைக் கணினியில் ஒன்றோடொன்று கோத்து மூலப் பாடத்தையே மீட்டெடுத்தனர். பூட்டியவர் செய்த அடைவே திறவுகோலாயிற்று! 1991 செப்டம்பரில் அந்நூல் வெளிவந்தது. அதே மாதம், கலிபோர்னியாவின் அண்டிங்டன் நூலகம் தன்னிடமிருந்த சுருள்களின் நிழற்படங்களை ஆய்வாளர் யாவர்க்கும் திறந்துவிடுவதாக அறிவித்தது. அவ்வாண்டு முடிவதற்குள் இசுரேலியத் தொல்பொருள் துறையும் தடையை நீக்கியது.

மறுபக்கமும் உண்டு. தாம் பல்லாண்டு முயன்று சீரமைத்த பாடத்தை இசைவின்றி அச்சிட்டதாகச் சாங்சு முதலியோர் மீது அறிஞர் கிம்ரோன் வழக்குத் தொடுத்து, 1993இல் வென்றார். இசுரேல் உச்ச நீதிமன்றமும் 2000இல் அத்தீர்ப்பை உறுதிசெய்தது. பழஞ்சுவடி எல்லார்க்கும் உரியது; அதன் விடுபட்ட இடங்களை நிரப்பியவனின் உழைப்போ அவனுக்கு உரியது என்பது அதன் சாரம்.

எசாயா சுருளின் படங்கள் 2011இலும், துணுக்குகளின் நுண்படங்கள் 2012இலும் இணையத்தில் ஏற்றப்பட்டன. தோல் கறுத்து வெறுங்கண்ணுக்குப் புலனாகாத எழுத்துகளையும் அகச்சிவப்புக் கதிர்ப் படங்களில் இன்று எவரும் காணலாம்.